ஒரு குரங்கின் விலை

மூன்று பெட்டி டின் மீன்தான் ஹெட்டி ஸ்டப்ஸைச் சிறைக்கு அனுப்பியது என்று உள்ளூர்ப் பேப்பரில் எழுதினார்கள். பொய். அவளை உள்ளே தள்ளியது வாரம் தவறாமல் நாங்கள் கொடுத்துவந்த ஒரு பவுண்டு நோட்டு. 'நாங்கள்' என்பதில் நானும் உண்டு. என் பெயர் மான்ட்டி ஜெல்லர். பெத்னல் கிரீன் சந்தைத் தெருவில் இருபத்திரண்டு வருடம் அவளுடைய பழவண்டிக்கு அடுத்த வண்டியில் பட்டனும் நூலும் ஜிப்பும் விற்றவன்.

ஹெட்டி அந்தச் சந்தைக்கு இரண்டு தெரு தள்ளிப் பிறந்தவள். அவளுடைய அப்பாவுக்கும் பழவண்டிதான். பத்து வயதில் அவர் பக்கத்தில் நின்று பிளம்ஸ் எடைபோட ஆரம்பித்தாள். ஐம்பத்தொரு வயதிலும் அதே இடத்தில் நின்றாள். கணவன் வில்ஃப் துறைமுகத்தில் கூலி. 1951இல் கிரேன் கயிறு அறுந்து தலையில் பெட்டி விழுந்து செத்தான். கம்பெனிக்காரர்கள் அவளிடம் ஒரு காகிதத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு எண்பது பவுண்டு கொடுத்தார்கள். 'கயிறு நல்ல நிலையில் இருந்தது' என்று அந்தக் காகிதத்தில் எழுதியிருந்ததை அவள் பிறகுதான் படித்தாள். அன்றிலிருந்து எதிலும் வரிவரியாகப் படிக்காமல் கையெழுத்துப் போட்டதில்லை. பால்காரன் சீட்டைக்கூட இரண்டு தடவை படிப்பாள். மகள் பெரிலை ஒண்டியாக வளர்த்து, கல்யாணம் செய்து ஹார்லோவுக்கு அனுப்பிவிட்டு, இரண்டு அறை மாடி வீட்டில் தனியாக இருந்தாள்.

கோபம் வந்தால் அவள் கத்தமாட்டாள். ஒரு ஆப்பிளை எடுத்து ஏப்ரனில் துடைப்பாள். துடைத்துக்கொண்டே பேசுவாள். ஆப்பிள் எவ்வளவுக்குப் பளபளக்கிறதோ அவ்வளவுக்கு எதிரில் நிற்பவனுக்கு ஆபத்து.

எங்கள் தெருவின் பேச்சைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் வழக்கே அதன்மேல்தான் நின்றது. நாங்கள் ஒரு பொருளுக்கு அதன் பெயரைச் சொல்வதில்லை. அதோடு ஒலி பொருந்தும் இரண்டு சொல்லைப் பிடித்து, பொருந்துகிற சொல்லை விழுங்கிவிட்டு மீதியைச் சொல்வோம். 'ஸ்டேர்ஸ்' என்ற மாடிப்படி 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்'. அதில் பேரிக்காயை விழுங்கிவிட்டால் வெறும் ஆப்பிள்ஸ். 'தீஃப்' என்ற திருடன் 'டீ லீஃப்' என்ற தேயிலை. எண்களைத் திருப்பிப் போடுவோம்: 'ஃபோர்' என்பது 'ரோஃப்', 'செவன்' என்பது 'நெவிஸ்'. வாங்க வந்தவள் முன்னாலேயே நானும் ஹெட்டியும் கொள்முதல் விலையைப் பேசி முடித்துவிடுவோம், அவளுக்கு ஒன்றும் புரியாது. பெரிய தொகைக்கு மிருகங்கள். இருபத்தைந்து பவுண்டு ஒரு மட்டக்குதிரை. ஐந்நூறு பவுண்டு ஒரு குரங்கு. எங்களில் யாரும் குரங்கைக் கண்ணால் பார்த்ததில்லை. ஆனால் எட்டு வயதுப் பையனுக்கும் அதன் விலை தெரியும்.

1963 வசந்தத்தில் எங்கள் பகுதிக்கு ஹேவரில் என்ற மஃப்டி சார்ஜன்ட் மாற்றலாகி வந்தான். கிழக்கே எங்கோ பீட்ரூட் விளைகிற ஊர்க்காரன். ஒட்டக நிறக் கோட்டு, எப்போதும் வாயில் ஒரு பெப்பர்மின்ட். வந்த இரண்டாவது வாரமே ஒவ்வொரு வண்டியாக நின்று, சின்னதாக ஒரு 'டிரிங்க்' வேண்டும் என்றான். தெருவில் வெள்ளைக்கோடு ஒன்று போட்டிருக்கிறார்கள். வண்டி அதைத் தாண்டக்கூடாது. ஆனால் தாண்டாமல் வியாபாரம் செய்ய முடியாது. அதைப் பார்க்காமல் இருக்க வாரம் ஒரு பவுண்டு. நாங்கள் கொடுத்தோம். மீன்காரன் கொடுத்தான், கோழிக்காரன் கொடுத்தான், நான் கொடுத்தேன். என் வீட்டுச் செலவில் இருந்து எடுத்து, சிரித்துக்கொண்டே கொடுத்தேன். அந்தச் சிரிப்பை நினைத்தால்தான் இன்றும் எனக்கு என் மேலேயே ஆத்திரம் வருகிறது.

காசை வாங்கிக்கொண்டது போதாதென்று அவனுக்கு எங்கள் பேச்சும் வேண்டியிருந்தது. மூலையில் இருந்த பப்பில் என் செலவில் ஜின் குடித்துக்கொண்டே, கேஸ் எழுதுகிற நோட்டுப் புத்தகத்தைத் திறந்துவைத்து, இது என்ன, அது என்ன என்று கேட்பான். மறுநாள் எங்களிடமே அதைத் தப்பும் தவறுமாகப் பேசிக் காட்டுவான். ஒருநாள் குரங்கு எவ்வளவு, மட்டக்குதிரை எவ்வளவு என்று கேட்டான். நான் மாற்றிச் சொன்னேன். குரங்கு இருபத்தைந்து, மட்டக்குதிரை ஐந்நூறு. பெரிய மிருகத்துக்குப் பெரிய தொகை என்று விளக்கமும் கொடுத்தேன். அடுத்து, எந்தச் சொல்லையும் விழுங்காமல் முழுதாகச் சொல்வதுதான் சரியான வழக்கு என்றேன். எல்லாவற்றையும் எழுதிக்கொண்டான். சந்தை முழுக்க அந்தச் செய்தி பரவியது. மூன்று வாரம் சிரித்தோம். வாரம் ஒரு பவுண்டு கொடுக்கிறவனுக்கு வேறு என்ன வழி இருக்கிறது, சிரிப்பதைத் தவிர?

ஹெட்டி மட்டும் காசும் கொடுக்கவில்லை, சிரிக்கவும் இல்லை. அவள் வண்டி முன்னால் ஹேவரில் நின்ற அன்று அவள் கையில் ஆப்பிள் ஏறிவிட்டது. சுற்றிலும் ஆறேழு பெண்கள் வரிசையில் நின்றார்கள்.

"ஆன்," என்றாள்.

"ஆன்னா?"

"நோங்கறதத் திருப்பிப் போட்டேன் சார். நேராப் போட்டாலும் அதேதான்."

பெண்கள் சிரித்தார்கள். அவன் காது சிவந்ததை நான் பார்த்தேன். அவன் பெப்பர்மின்ட்டை இந்தக் கன்னத்திலிருந்து அந்தக் கன்னத்துக்கு மாற்றிக்கொண்டு, ஒரு பேரிக்காயை எடுத்துக் கடித்தபடி போய்விட்டான். "பேரிக்காய்க்கு நாலு பென்ஸ்," என்று ஹெட்டி பின்னாலிருந்து சொன்னாள். அவன் திரும்பவில்லை.

அக்டோபர் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை காலை. ரயில்பாலத்து வளைவுக்கு அடியில் எட்டுப் பேர் வண்டி நிறுத்துவோம். எல்லாரிடமும் சாவி உண்டு. அன்று ஹெட்டி தன் வண்டியை இழுத்தபோது, பின்னாலேயே ஹேவரில் இரண்டு கான்ஸ்டபிள்களுடன் வந்தான். நேராக அவள் வண்டித் தார்ப்பாயைத் தூக்கினான். அடியில் மூன்று பெட்டி டின் சால்மன். துறைமுகக் கிடங்கிலிருந்து களவு போனவை. யார் வைத்தார்கள் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. எனக்கு ஒரு எண்ணம் உண்டு, உங்களுக்கும் இருக்கும். அவள் வீட்டுக்குப் போய்ச் சோதனை போட்டார்கள். சமையலறை அலமாரியில் டீ டப்பாவுக்குள் இருபத்தைந்து பவுண்டு கிடைத்தது. புதுச் சக்கரமும் தார்ப்பாயும் வாங்க அவள் ஒன்றரை வருடமாகச் சேர்த்த பணம்.

ஸ்டேஷனில் ஹேவரில் தன் நோட்டுப் புத்தகத்தில் ஒரு வாக்குமூலம் எழுதி, கையெழுத்துப் போடச் சொன்னான். அவள் படித்தாள். படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி அவன் பக்கம் தள்ளினாள். கையெழுத்துப் போட மறுத்தாள் என்று அவன் அடியில் எழுதிக்கொண்டான். அந்தக் காலத்தில் அது போதும். போலீஸ்காரன் நோட்டில் இருந்தால் நீ சொன்னதுதான்.

ஜாமீன் கிடைக்கவில்லை. சாட்சிகளை மிரட்டுவாள் என்று போலீஸ் தரப்பில் சொன்னார்கள். பன்னிரண்டு வாரம் பெண்கள் சிறையில் விசாரணைக் கைதியாக இருந்தாள். கிறிஸ்துமஸுக்குப் பெரில் போய்ப் பார்த்துவிட்டு வந்து, அம்மா பத்துக் கிலோவாவது இளைத்திருப்பாள் என்றாள். சந்தையில் அவள் இடம் காலியாக இருக்கவில்லை. ஆறாவது வாரமே நகரசபை அதை ஒரு சாக்ஸ் வியாபாரிக்குக் கொடுத்துவிட்டது. தண்டனை பெற்றவளுக்குத்தான் உரிமம் போகும் என்று சட்டத்தில் இருக்கிறது. யார் படித்தார்கள்?

அரசாங்கச் செலவில் அவளுக்கு ஒரு வக்கீல் கிடைத்தார். பெல்லாமி என்று பெயர், முப்பது வயதுகூட இருக்காது. நல்ல மனிதர்தான். ஆனால் எங்கள் தெரு அவருக்குச் சந்திர மண்டலம். குற்றத்தை ஒப்புக்கொள்ளும்படி அவர் அறிவுரை சொன்னதாகப் பெரில் எங்களிடம் சொன்னாள்.

"ஒத்துக்கிட்டீங்கன்னா ஆறு மாசத்தோட முடிஞ்சிடும், மிஸஸ் ஸ்டப்ஸ்," என்றாராம்.

"ஆறு மாசம்னா ரெண்டு கம்பளம். எங்க வீட்டுல ஏற்கெனவே ஒண்ணு கெடக்கு, போதும்," என்றாளாம் ஹெட்டி. எங்களிடம் கம்பளம் என்றால் மூன்று மாதச் சிறை. அவருக்கு அதையும் யாராவது சொல்லிக்கொடுக்க வேண்டியிருந்தது.

ஜனவரி இரண்டாவது வாரம் வழக்கு வந்தது. சந்தையில் பாதிப்பேர் வியாபாரத்தை விட்டுவிட்டுப் பார்வையாளர் மாடியில் உட்கார்ந்திருந்தோம். ஜூரிகள் பன்னிரண்டு பேர். அந்தக் காலத்தில் சொந்த வீடு, வரி ரசீது என்று இருப்பவர்கள்தான் ஜூரியாக முடியும். ஒருவர் சட்டைக் காலரும் எங்கள் பக்கத்துக் காலர் இல்லை. நீதிபதி ஒல்லியான கிழவர். காலை முழுக்கக் கண்ணை மூடியே இருந்தார். தூங்குகிறாரா கேட்கிறாரா என்று சொல்ல முடியவில்லை. கூண்டில் ஹெட்டி, அவளுக்குப் பெரிதாகிப்போன அவளுடைய சொந்தக் கோட்டோடு நின்றாள். கையில் ஆப்பிள் இல்லாததால் கூண்டின் கட்டையைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

ஹேவரில் சாட்சிக் கூண்டில் ஏறினான். ஒட்டகக் கோட்டு இல்லை. நீல சூட், முகத்தில் ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகிறவனின் களை. நோட்டுப் புத்தகத்தைத் திறந்து அவள் சொன்னதாக வாசித்தான்: "சரி சார், மாட்டிக்கிட்டேன். சரக்க வெச்சிக்கறதுக்கு ஒரு குரங்கு குடுத்தாங்க. ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ் ஏறிப் போனா டீ டப்பாவுல இருக்கு. அவ்வளவும் அப்படியே இருக்கு, ஒரு ஃபார்த்திங்கூட செலவு பண்ணல."

கீழ்க்கோர்ட்டில் இதையே வாசித்தபோது குரங்கு எவ்வளவு என்று யாரும் கேட்கவில்லை. ஐந்நூறு பவுண்டு வாங்கியதாகப் பழி போடுகிறார்கள் என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். நான் மாற்றிச் சொல்லிக்கொடுத்தது எனக்கே நினைவுக்கு வரவில்லை. இப்போது அரசுத் தரப்பு வக்கீல், ஜூரிகளுக்குப் புரியும்படி அந்த மிருகத்தை விளக்கச் சொன்னார்.

"குரங்குன்னா இருபத்தஞ்சு பவுண்டுங்க," என்றான் ஹேவரில். "அந்த ஜனங்க பாஷை. நான் அவங்களோட நல்லாப் பழகினவன். டப்பாவுல சரியா இருபத்தஞ்சுதான் இருந்துச்சு."

மீன்காரன் வாய்விட்டுச் சிரித்தான். பிறகு எல்லாரும். சேவகன் அதட்டினான், இன்னொரு தடவை சத்தம் வந்தால் மாடியைக் காலி செய்யச் சொல்வேன் என்று நீதிபதி கண்ணைத் திறக்காமல் சொன்னார். அந்த அமைதியில் ஹெட்டி கூண்டிலிருந்து பேசினாள்.

"அது குரங்கு இல்ல. மட்டக்குதிரை."

இப்போது ஜூரிகள் சிரித்தார்கள். அவர்களை யாரும் அதட்டவில்லை. அந்த ஒரு நிமிடத்தை நான் மன்னிக்கவே மாட்டேன். பன்னிரண்டு வாரம் உள்ளே கிடந்த ஒரு பெண், தன்னைக் காப்பாற்றக்கூடிய ஒரே உண்மையைச் சொல்கிறாள். அவர்களுக்கு அது மிருகக்காட்சிசாலை வேடிக்கையாக இருந்தது.

சாப்பாட்டு இடைவேளையில் நான் மாடிப்படியில் விழுந்தடித்து இறங்கி பெல்லாமியைப் பிடித்தேன். நான் அவனுக்கு மாற்றிச் சொல்லிக்கொடுத்தது, அவன் எழுதிக்கொண்டது, எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் கையில் பாதி கடித்த சான்ட்விச் இருந்தது. அதை அப்படியே கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டார். சாட்சி சொல்ல வருவீர்களா என்று கேட்டார். வாரம் ஒரு பவுண்டு கொடுத்ததையும் சொல்ல வேண்டிவருமா என்று நான் கேட்டேன். என் முதல் கேள்வி அதுதான். அதை மறைக்க விரும்பவில்லை. அந்தப் பேச்சு இப்போது வேண்டாம், எண்ணை மட்டும் சொல்லுங்கள் என்றார். எனக்கு நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதிக்காகவும் வெட்கப்படுகிறேன்.

மதியம் முதலில் ஹெட்டி சாட்சிக் கூண்டேறிச் சத்தியம் செய்தாள். அந்த வாக்குமூலத்தில் ஒரு சொல்கூடத் தன்னுடையது இல்லை என்றாள். 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' என்று முழுதாகத் தன் வாழ்க்கையில் சொன்னதில்லை, சினிமாவில் வருகிறவர்கள்தான் அப்படிப் பேசுவார்கள் என்றாள். ஆக நீங்கள் சாதாரணமாகச் சொல்வது வெறும் ஆப்பிள்தானா என்று அரசு வக்கீல் கேட்டார். ஜூரிகளில் ஒருவர் கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டார். ஹெட்டி அந்த மனிதரையே பார்த்துக்கொண்டிருந்தாள், அவர் கைக்குட்டையை எடுக்கும்வரை.

அடுத்தது நான். இத்தனை நேரம் மாடியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டவன் என்று அரசு வக்கீல் ஆட்சேபித்தார். இருக்கட்டும், சொல்லட்டும் என்றார் நீதிபதி. நான் சொன்னேன். குரங்கு ஐந்நூறு, மட்டக்குதிரை இருபத்தைந்து, சார்ஜன்ட்டுக்கு வேண்டுமென்றே மாற்றிச் சொல்லிக்கொடுத்தது நான்தான். அரசு வக்கீல் எழுந்தார். மூக்குக் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார்.

"ஜெல்லர்ங்கறது உங்க சொந்தப் பேரா?"

"எங்க அப்பா குடுத்த பேருங்க." என் யூதப் பேரை ஜூரிகள் காதில் போடத்தான் கேட்டார்.

"சந்தையில வழிய மறிச்சதுக்கு நீங்க ரெண்டு தடவை அபராதம் கட்டியிருக்கீங்க."

"கட்டியிருக்கேன். எல்லாரும் கட்டியிருக்கோம்."

"ஒரு போலீஸ் அதிகாரிகிட்ட வேணும்னே பொய் சொன்னதா இப்ப நீங்களே ஒத்துக்கறீங்க."

"தமாசுக்குச் சொன்னேங்க."

"அதாவது, உங்க சிநேகிதிக்காக இன்னிக்கு சத்தியம் பண்ணிச் சொல்றீங்க, நான் பொய்யன்னு. நாங்க அத நம்பணும். அப்படித்தானே?" ஜூரிகள் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டார். வேறு ஏதும் கேட்கவில்லை. இந்தக் குரங்கு எந்த அகராதியில் இருக்கிறது என்று மட்டும், உட்கார்ந்த பிறகு, போகிறபோக்கில் சொல்லி வைத்தார்.

எட்டு வயதுப் பையனைக் கேளுங்கள் என்றேன். எந்தப் பையனையும் யாரும் கேட்கவில்லை. நான் இறங்கி நடந்தேன். ஹெட்டியைக் கடந்துதான் போக வேண்டும். அவள் என்னைப் பார்க்கவில்லை. உண்மையைச் சொல்லியே அவளைக் கவிழ்த்துவிட்டோம் என்று நினைத்தேன்.

அப்போதுதான் அந்தக் கிழவர் கண்ணைத் திறந்தார். ஹேவரிலைத் திரும்பக் கூண்டில் ஏறச் சொன்னார்.

"சார்ஜன்ட், நீங்க குதிரைப் பந்தயத்துக்குப் போறதுண்டா?"

இல்லை என்றான் ஹேவரில். கொஞ்சம் பெருமையாகவே சொன்னான்.

"நான் போறதுண்டு. போன ஜூன்ல ஒரு குரங்கு தோத்தேன். அது உங்க கணக்குப்படி இருபத்தஞ்சா இருந்திருந்தா, என் சம்சாரம் என்கூட மூணு வாரம் பேசாம இருந்திருக்கமாட்டா."

இப்போது எல்லாரும் சிரித்தார்கள். அரசு வக்கீல் எல்லாரையும்விட உரக்கச் சிரித்தார். கிழவர் சிரிக்கவில்லை. நோட்டுப் புத்தகத்தை வாங்கி, மூக்குக்குப் பக்கத்தில் வைத்துப் படித்தார். அவ்வளவும் அப்படியே இருக்கிறது, ஒரு ஃபார்த்திங்கூடச் செலவாகவில்லை என்று இந்தப் பெண் உங்களிடம் சொன்னதாகச் சத்தியம் செய்திருக்கிறீர்கள். அப்படியானால் மீதி நானூற்று எழுபத்தைந்து பவுண்டு எங்கே? தன் தெருவின் காசைத் தானே தப்பாகச் சொல்லும் பழக்காரியை நீங்கள் எங்காவது பார்த்ததுண்டா? ஹேவரில் பெப்பர்மின்ட் இல்லாத வாயை மென்றான். ஜூரிகள் அறைக்குப் போகக்கூட இல்லை. உட்கார்ந்த இடத்திலேயே தலையைச் சேர்த்துப் பேசிவிட்டுக் குற்றமில்லை என்றார்கள்.

நான் சத்தியம் செய்து சொன்ன அதே சொல். அதே எண். என் வாயிலிருந்து வந்தபோது அது திருட்டுக் கூட்டத்தின் பொய். பந்தய மைதானத்தில் தொப்பி போட்டுக்கொண்டு நிற்கிறவர் வாயிலிருந்து வந்தபோது சட்டம். குரங்கை எங்களிடமிருந்துதான் அவர்கள் எடுத்துப்போனார்களா, அவர்களிடமிருந்து நாங்கள் எடுத்தோமா, எனக்குத் தெரியாது. ஆனால் அன்று அந்த அறையில் அது யாருடையது என்று தெரிந்துவிட்டது. கிழவர் மட்டும் குதிரைப் பைத்தியமாக இல்லாமல் தோட்டப் பைத்தியமாக இருந்திருந்தால்?

சாயங்காலம் மூலைப் பப்பில் கொண்டாட்டம். விலாங்கு ஜெல்லி ஒரு வாளி, பியர் ஒரு பீப்பாய். மீன்காரன் மேஜைமேல் ஏறி நின்று ஹேவரில் மாதிரிப் பேசிக் காட்டினான். எட்டு மணி இருக்கும், ஹெட்டி பெரிலோடு வந்தாள். எல்லாரும் எழுந்து கைதட்டினோம். அவள் கோட்டைக் கழற்றவில்லை. கொடுத்த கிளாஸை வாங்கவில்லை. கைதட்டல் தானாக நிற்கும்வரை காத்திருந்தாள்.

"சிரிச்சு முடிச்சிட்டீங்களா?" என்றாள். "அவன் என்கிட்ட ஏன் வந்தான்னு யாராச்சும் யோசிச்சீங்களா? உங்க ஒவ்வொருத்தன் கையும் நீட்டிக் குடுத்துச்சு. குடுக்காத கை ஒண்ணே ஒண்ணுதான். அது எதுன்னு அவன் தேடவே வேண்டியதில்ல. நீங்கதான் வரிசையா நின்னு காட்டிக் குடுத்தீங்க."

மேஜைமேல் இருந்த மீன்காரன் மெதுவாக இறங்கினான். அவளைச் சமாதானப்படுத்தலாம் என்று நான் பக்கத்தில் போனேன். எங்களுக்கும் குடும்பம் இருக்கிறது என்கிற மாதிரி ஏதோ சொன்னேன்.

"நீ அவனுக்கு நம்பர மாத்திச் சொன்னதப் பெருசா பேசிக்கிட்டிருக்காங்க, மான்ட்டி," என்றாள். "அன்னிக்கு அவன் குடிச்ச ஜின்னுக்குக் காசு யார் குடுத்தது?"

அவள் போய்விட்டாள். பீப்பாய் பாதிக்குமேல் மிச்சமிருந்தது, யாரும் தொடவில்லை.

அவளுடைய இருபத்தைந்து பவுண்டு வழக்குப் பொருளாக ஸ்டேஷனில் இருந்தது. தினமும் காலை பதினோரு மணிக்கு அவள் அங்கே போய் நின்றாள். இன்று அதிகாரி இல்லை, நாளைக்குப் படிவம் வரும், படிவம் வேறு அலுவலகத்தில் இருக்கிறது. ஏழாவது வாரம் கொடுத்தார்கள். ரசீதில் 'திருட்டு வழக்குப் பணம்' என்று தலைப்பு இருந்தது. அதை அடித்து 'ஹெட்டி ஸ்டப்ஸின் பணம்' என்று எழுதினால்தான் கையெழுத்து என்றாள். மேஜை சார்ஜன்ட் முக்கால் மணி நேரம் முறைத்துப் பார்த்துவிட்டு, அடித்து எழுதினான். சந்தை இடத்துக்காக நகரசபையோடு சண்டை மே மாதம்வரை நடந்தது. அதுவரை தெருமுனையில், மழையில், ஒரு தட்டில் எலுமிச்சம்பழம் வைத்து விற்றாள். சாக்ஸ் வியாபாரி ஒருநாள் தானாகவே இடத்தைக் காலி செய்துகொண்டு போனான். அவனோடு யாரும் பேசாததால் போனான் என்று சொன்னார்கள். யாரும் பேசாமல் இருந்ததில் எனக்கும் பங்கு உண்டு. அந்த வருடம் நான் செய்த முதல் உருப்படியான காரியம் அது.

ஹேவரிலை வேறு ஸ்டேஷனுக்கு மாற்றினார்கள். அவன் இடத்துக்கு இன்னொருவன் வந்தான், கோட்டுதான் வேறு. என் வண்டிமுன் நின்று டிரிங்க் என்றான். பக்கத்து வண்டியில் ஹெட்டி ஆரஞ்சு அடுக்கிக்கொண்டிருந்தாள், என் பக்கம் பார்க்காமல். என் கை பழக்கத்தில் பைக்குள் போய்விட்டது. வெறும் கையை வெளியே எடுத்து, இல்லை என்றேன். நேராகவே சொன்னேன், திருப்பிப் போடவில்லை. மறுவாரம் என் வண்டி நாலு அங்குலம் கோட்டைத் தாண்டியதாக வழக்கு. அடுத்த மாதம் இன்னொன்று. ஒவ்வொன்றுக்கும் இரண்டு பவுண்டு. கோழிக்காரனும் கொடுக்க மறுத்தான், அவனுக்கும் வழக்கு. மீன்காரன் தொடர்ந்து கொடுத்தான். கடைசிவரை எங்கள் கண்ணைப் பார்க்கவில்லை.

நவம்பரில் மூன்றாவது அபராதம் கட்டிவிட்டு மதியம் சந்தைக்குத் திரும்பினேன். என் வண்டியை மூடிவிட்டுத்தான் போயிருந்தேன். தார்ப்பாய் திறந்திருந்தது. ஹெட்டி இரண்டு வண்டிக்கும் நடுவில் நின்று ஒரு அம்மாளுக்கு எலாஸ்டிக் அளந்துகொண்டிருந்தாள். விற்ற காசு ஒரு பிஸ்கட் டப்பாவில் இருந்தது. எண்ணிப் பார்த்தேன். ஜிப்பையெல்லாம் பாதி விலைக்கு விற்றிருந்தாள். அன்றைக்கு எனக்கிருந்த எரிச்சலில், அபராதத்தைவிட இந்த நஷ்டம் அதிகம் என்று சொல்லிவிட்டேன்.

"வெல எழுதி ஒட்டி வை," என்றாள். பத்து மாதத்தில் என்னோடு பேசிய முதல் பேச்சு.

ஒட்டி வைத்தேன். அதற்கு மேல் அதைப் பற்றி நாங்கள் பேசவில்லை. மறுநாள் ஆரஞ்சு வாங்க ஒருத்தி வந்தபோது, அவளுக்கு முன்னாலேயே ஹெட்டி திருப்பிப் போட்ட எண்ணில் ஏதோ கேட்டாள், நான் பதில் சொன்னேன். வியாபாரம் நடந்தது.

அவள் 1970வரை அந்த இடத்தில் நின்றாள். பிறகு முட்டி தேய்ந்து, ஹார்லோவில் பெரில் வீட்டுக்குப் போனாள். ஒருநாள் பார்க்கப் போயிருந்தேன். ஹேவரில் இன்ஸ்பெக்டராகி, நல்ல பென்ஷனோடு, கடற்கரையில் வீடு வாங்கியிருக்கிறான் என்று கேள்விப்பட்டதைச் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. அந்த நீதிபதியாவது நல்லவர் என்று பெரில் சமாதானமாகச் சொன்னாள்.

"நல்லவரா?" என்றாள் ஹெட்டி. "நானும் சொன்னேன், மான்ட்டியும் சொன்னான், மாடியில அறுபது பேர் உக்காந்திருந்தாங்க. அந்தாளு ஒருத்தன்தான் பந்தயத்துல தோத்தவன்."

பெரில் டீ போட உள்ளே போனாள். பழக்கூடை ஹெட்டிக்குப் பக்கத்திலேயே இருந்தது. கடையில் வாங்கிய ஆப்பிள்கள், ஏற்கெனவே மெழுகு போட்டுப் பளபளவென்று. அவள் அவற்றைத் தொடவில்லை. இதற்கெல்லாம் என்ன விலை கொடுக்கிறார்கள் தெரியுமா என்று என்னிடம் கேட்டு, அந்தக் கடைக்காரனை ஒரு மணி நேரம் திட்டினாள்.